மாநிலப் பல்கலைக்கழகங்களின் ஆய்வு தொழிலுக்கும் மக்களுக்கும் சென்றுசேர நிரந்தர ஏற்பாடு கோரும் மனு

அனுப்புநர்:
தலைவர் மற்றும் செயலாளர்,
அரசுப் பல்கலைக்கழக ஆசிரியர், ஆய்வாளர் சங்கம்.

பெறுநர்:
உயர்திரு அரசுச் செயலாளர் அவர்கள்,
உயர்கல்வித் துறை, தமிழ்நாடு அரசு,
தலைமைச் செயலகம், சென்னை.

நகல்:
அரசுச் செயலாளர், குறு, சிறு மற்றும் நடுத்தரத் தொழில் நிறுவனங்கள் துறை;
தமிழ்நாடு மாநில உயர்கல்வி மன்றம்;
மாநிலப் பல்கலைக்கழகத் துணைவேந்தர்கள்.

பொருள்: மாநிலப் பல்கலைக்கழகங்களில் தொழில்நுட்பப் பரிமாற்ற அலுவலகங்கள் அமைத்தல், காப்புரிமை நடைமுறைகளைச் சீர்செய்தல், ஆய்வு மாணவர்களின் உரிமையைக் காத்தல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய அய்யா / அம்மையீர்,

தமிழ்நாட்டில் உளுந்தும் பாசிப்பயறும் விதைக்கும் உழவர்களிடம் இலைமேல் தெளிக்கும் ‘பயறு ஒண்டர்’ ஊட்டத்தின் பெயரைச் சொன்னால் போதும், புரிந்துகொள்வார்கள். தோப்பு வைத்திருப்பவர்கள் வேர் வழியாக ஊட்டும் ‘தென்னை டானிக்’கை அறிவார்கள். இரண்டுமே கோவை தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் ஆய்வில் பிறந்தவை. ஆய்வகத்துக்கும் வயலுக்கும் நடுவே ஆள் இருந்ததால்தான் அவை ஊர் வந்து சேர்ந்தன. நாட்டின் முதல் வேளாண் அறிவியல் நிலையம் 1974-இல் புதுச்சேரியில் தொடங்கப்பட்டபோது, அதை நடத்தும் பொறுப்பு இந்தப் பல்கலைக்கழகத்திடம்தான் தரப்பட்டது. வேளாண் கல்வியில் விரிவாக்கம் என்பது ஒரு பாடம், ஒரு துறை. அதற்கென்றே சம்பளம் வாங்கும் அலுவலர்கள் உண்டு. விதையோ கருவியோ எதுவானாலும் வயலில் செய்துகாட்டுவதும், உழவர் சொல்லும் குறையைத் திரும்ப ஆய்வகத்துக்குக் கொண்டுவருவதும் அவர்கள் வேலை.

வேதியியல், உயிரித் தொழில்நுட்பம், இயற்பியல், மருந்தியல், பொறியியல் ஆகியவற்றுக்கு மாநிலப் பல்கலைக்கழகங்களில் அப்படிப்பட்ட ஏற்பாடு இல்லை. அண்ணா பல்கலைக்கழகத்தில் அறிவுசார் சொத்துரிமைக்கென ஒரு மையம் உண்டு. மற்ற பெரும்பாலான இடங்களில் ‘அறிவுசார் சொத்துரிமைப் பிரிவு’ என்பது ஏற்கெனவே வகுப்பும் தேர்வுப் பணியும் தரமதிப்பீட்டுக் கோப்புகளும் சுமக்கும் ஒரு பேராசிரியருக்குத் தரப்படும் கூடுதல் பொறுப்பு. இந்த நிலையை மாற்றக் கோரியே இம்மனுவை அளிக்கிறோம்.

ஒரு உதாரணம் சொல்கிறோம். சாயக் கழிவுநீரிலிருந்து நிறத்தை நீக்குவது பற்றி நம் பல்கலைக்கழகங்களில் எழுதப்பட்ட முனைவர் பட்ட ஆய்வேடுகள் ஏராளம். வேப்பிலைத் தூள், தேங்காய்ச் சிரட்டைக் கரி, பாசி, பூஞ்சை, நானோ துகள் என்று எத்தனையோ பொருள்களை வைத்து ஆய்வு நடந்திருக்கிறது. நொய்யல் மாசுபட்ட வழக்கில் சென்னை உயர் நீதிமன்றத்தின் உத்தரவால் 2011 ஜனவரியில் திருப்பூர்ச் சாயப்பட்டறைகள் மூடப்பட்டு ஆயிரக்கணக்கான குடும்பங்கள் வேலையிழந்து நின்றன. அந்த நெருக்கடியின்போதும் சரி, இன்றும் சரி, இத்தனை ஆய்வேடுகளில் எது குடுவை அளவோடு நின்றுவிடும், எது பட்டறை அளவில் தாக்குப்பிடிக்கும் என்று சலித்தெடுத்துச் சொல்லும் கடமை எந்த அலுவலகத்துக்கும் இல்லை. பட்டறை உரிமையாளருக்கு ஆய்வேட்டைத் தேடிப் படிக்க நேரமில்லை. ஆய்வாளருக்கோ எந்தப் பட்டறையின் கதவைத் தட்டுவது என்று தெரியாது. இருவரையும் சந்திக்கவைக்கும் வேலைக்குத்தான் ஆள் கேட்கிறோம்.

அப்படி ஆளும் இடமும் அமைந்தபோது நடந்ததற்குத் தமிழ்நாட்டிலேயே சான்றுகள் உள்ளன. 1948-இல் நிறுவப்பட்ட மத்திய தோல் ஆராய்ச்சி நிறுவனம் அழகப்பா தொழில்நுட்பக் கல்லூரியின் பக்கத்திலேயே அமைந்து, தோல் தொழில்நுட்பப் படிப்பைக் கல்லூரியோடு இணைந்து வளர்த்தது. ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டைத் தோல் பதனிடுவோர் அங்கு படித்தவர்களையே வேலைக்கு வைத்தார்கள். அவர்கள் வழியாகவே ஆய்வு தொழிலுக்குள் போனது. காரைக்குடியில் அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்ததால் மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிறுவனம் எழுந்தது. கோவை நூற்பாலைகள் 1956-இல் தங்களுக்கென்று தென்னிந்திய ஜவுளி ஆராய்ச்சிச் சங்கத்தை அமைத்துக்கொண்டன. சென்னை ஐஐடியின் ஆராய்ச்சிப் பூங்கா, நாட்டில் பல்கலைக்கழக வளாகம் சார்ந்து எழுந்தவற்றில் முதலாவது. அந்த வளாகத்தில் வளர்ந்த அக்னிகுல் நிறுவனத்தின் ராக்கெட் 2024 மே 30 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து பறந்தது.

இவை எல்லாமே மத்திய அரசின் அல்லது தொழில்துறையின் நிறுவனங்கள். மதுரை காமராசர், பாரதியார், பாரதிதாசன், அழகப்பா, மனோன்மணியம் சுந்தரனார், பெரியார் ஆகிய பல்கலைக்கழகங்களில் படிக்கும் கிராமத்துப் பிள்ளைகளுக்கு, பெரும்பாலும் தம் குடும்பத்திலேயே முதல் பட்டதாரிகளான அவர்களுக்கு, இந்த வாய்ப்பு எட்டுவதில்லை. அறிவுப் பொருளாதாரம் என்று அரசின் கொள்கை ஆவணங்கள் பேசும்போது அதில் இந்தப் பிள்ளைகளும் இருக்க வேண்டும் என்பதே எங்கள் கவலை.

ஆகவே எங்கள் முதன்மையான கோரிக்கை இது. பெரிய பல்கலைக்கழகங்கள் ஒவ்வொன்றிலும் ஒன்றும், சிறியவற்றுக்கு வட்டார அளவில் பொதுவாக ஒன்றுமாக, முழுநேரப் பணியாளர்கள் கொண்ட தொழில்நுட்பப் பரிமாற்ற அலுவலகங்களை அரசு நிதியில் அமைக்க வேண்டும். ஒவ்வொன்றிலும் காப்புரிமை முகவர் தேர்வில் தேறிய ஒருவரும், தொழில்துறையில் பணியாற்றிய அனுபவம் உள்ள ஒருவரும், ஒப்பந்தமும் கணக்கும் தெரிந்த ஒருவரும் கட்டாயம் இருக்க வேண்டும். இவர்களை ஓராண்டு ஒப்பந்தத்தில் அமர்த்திப் பிறகு மாற்றிக்கொண்டே போனால் பயனில்லை. ஒரு கண்டுபிடிப்பு உரிமமாக மாறப் பல ஆண்டுகள் பிடிக்கும். தொழிலதிபர்களோடு ஏற்படும் பழக்கமும் நம்பிக்கையும்தான் இந்த வேலையின் மூலதனம். ஆள் போனால் அதுவும் அவரோடு போய்விடும்.

அடுத்து, காப்புரிமைகளை எண்ணும் முறை. தேசியத் தரவரிசைக்கும் தரமதிப்பீட்டுக்கும் காப்புரிமை எண்ணிக்கை கேட்கப்படுகிறது. வெளியிடப்பட்ட விண்ணப்பங்களும் அதில் சேர்கின்றன. வெளியீடு என்பது விண்ணப்பம் 18 மாதங்களுக்குப் பிறகு பொதுப் பார்வைக்கு வருவது. கண்டுபிடிப்பு புதியதா, பயனுள்ளதா என்ற பரிசோதனை அதற்குப் பின்னால்தான். பரிசோதனைக்கே போகாமல் கைவிடப்படும் விண்ணப்பமும் பல்கலைக்கழக ஆண்டறிக்கையில் சாதனையாக ஏறிவிடுகிறது. இதன் விளைவாகப் பணம் வாங்கிக்கொண்டு கண்டுபிடிப்பாளர் பட்டியலில் பெயர் சேர்த்துத் தரும் தரகர்களின் விளம்பரங்கள் ஆசிரியர்களின் வாட்ஸ்அப் குழுக்களில் வெளிப்படையாகவே உலவுகின்றன. உழைத்து ஆய்வு செய்கிறவர்களுக்கு இது பெரும் அவமானம். மாநில அரசு தன் அதிகாரத்துக்குட்பட்ட பதவி உயர்வு, நிதி ஒதுக்கீடு ஆகியவற்றில் வெறும் விண்ணப்ப எண்ணிக்கையைக் கணக்கில் எடுக்கக் கூடாது. எத்தனை தொழில்நுட்பங்கள் உரிமம் பெற்றன, எத்தனை உற்பத்திக்கு வந்தன, எத்தனை ஊராட்சியோ மருத்துவமனையோ சிறுதொழிலோ அவற்றைப் பயன்படுத்துகின்றன என்பதையே கேட்க வேண்டும். விலைக்கு வாங்கிய பெயர் என்று உறுதியானால் நடவடிக்கை எடுக்கவும் கோருகிறோம்.

கட்டணம் இப்போது பெரிய தடை இல்லை. 2021-ஆம் ஆண்டுத் திருத்த விதிகளால் கல்வி நிறுவனங்களுக்கான காப்புரிமைக் கட்டணம் 80 சதவீதம் குறைந்து, 8,000 ரூபாயாக இருந்த விண்ணப்பக் கட்டணம் 1,600 ரூபாயாகியது. செலவு பிடிப்பது விண்ணப்பத்தை எழுதும் வேலை. கண்டுபிடிப்பின் எல்லையை வரையறுக்கும் உரிமைக்கோரல் வாசகங்கள் சரியாக எழுதப்படாவிட்டால், கிடைக்கும் காப்புரிமையைப் போட்டியாளர் எளிதாகச் சுற்றிக்கொண்டு போய்விடுவார். காப்புரிமை கிடைத்த பிறகும் மூன்றாம் ஆண்டு முதல் இருபதாம் ஆண்டு வரை புதுப்பித்தல் கட்டணம் கட்ட வேண்டும். இதற்கென்று தலைப்பு ஒதுக்கப்படாததால் நல்ல காப்புரிமைகளும் காலாவதியாக நேர்கிறது. பல்கலைக்கழக வரவுசெலவுத் திட்டத்தில் தனித் தலைப்பு வேண்டும்.

இதைவிடப் பெரிய இழப்பு வேறொன்று. ஆய்வு மாணவர் பட்டத்துக்காக அவசரமாகக் கட்டுரை வெளியிடுகிறார். ஆய்வேடு சோத்கங்கா களஞ்சியத்தில் ஏறுகிறது. வெளியான பிறகு அந்தக் கண்டுபிடிப்பு சட்டத்தின் கண்ணில் புதியது அல்ல. காப்புரிமைச் சட்டத்தின் 31-ஆம் பிரிவு தரும் 12 மாதச் சலுகை, கற்றறிந்தோர் சங்கத்தில் வாசித்த கட்டுரை, குறிப்பிட்ட கண்காட்சி போன்ற சில நிலைகளுக்கு மட்டுமே பொருந்தும். ஐரோப்பாவில் அந்த அளவுக்கான பொதுச் சலுகையும் கிடையாது. முழு விவரமும் தயாராவதற்கு முன்பே தற்காலிக விண்ணப்பம் கொடுத்து முன்னுரிமைத் தேதியைப் பிடித்துக்கொள்ளலாம், முழு விண்ணப்பத்துக்கு 12 மாத அவகாசம் உண்டு என்ற அடிப்படைச் செய்தியே பல நெறியாளர்களுக்குச் சொல்லப்படவில்லை. கட்டுரை அனுப்பும் முன்பும் ஆய்வேட்டைப் பதிவேற்றும் முன்பும் பரிமாற்ற அலுவலகம் குறுகிய காலக்கெடுவுக்குள் பார்த்துக் கருத்துச் சொல்ல வேண்டும் என்று ஒரு சுற்றறிக்கை போதும். கெடு தாண்டினால் மாணவர் தாராளமாக வெளியிடலாம் என்பதையும் அதிலேயே எழுத வேண்டும். காப்புரிமையைக் காரணம் காட்டி எந்த மாணவரின் பட்டமும் தாமதமாகக் கூடாது.

மாணவர் உரிமையைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. காப்புரிமைச் சட்டம் உண்மையான, முதல் கண்டுபிடிப்பாளரையே அங்கீகரிக்கிறது. நடைமுறையில் இரவும் பகலும் ஆய்வகத்தில் நின்றவரின் பெயர் விடுபட்டு, கையெழுத்திட்ட அதிகாரியின் பெயர் ஏறிய நிகழ்வுகள் எங்கள் உறுப்பினர்களின் அனுபவத்தில் உண்டு. நெறியாளரின் தயவில் நிற்கும் மாணவரால் அதைத் தட்டிக் கேட்க முடிவதில்லை. எனவே ஆய்வகக் குறிப்பேட்டை ஆதாரமாகக் கொண்டு கண்டுபிடிப்பாளர் யார் என்று தீர்மானிக்கும் குழு ஒன்று வேண்டும். அதில் பல்கலைக்கழகத்துக்கு வெளியிலிருந்து ஒருவர் இருக்க வேண்டும். உரிமத்தால் வரும் நிகர வருவாயில் பாதிக்குக் குறையாத பங்கு கண்டுபிடிப்பாளர்களுக்குச் சேர வேண்டும் என்றும், மாணவர் பட்டம் பெற்று வெளியேறிய பிறகும் அவர் பங்கு தொடர வேண்டும் என்றும் மாநிலம் முழுமைக்கும் ஒரே விதி கேட்கிறோம்.

மக்களின் அறிவைத் தொட்டு எழும் ஆய்வுக்கு இன்னும் கூடுதல் கவனம் தேவை. 1987-இல் அகத்தியமலைக் காட்டில் அறிவியலாளர்களுக்கு வழிகாட்டிச் சென்ற காணிப் பழங்குடியினர், களைப்பு தீர ஆரோக்கியப்பச்சைச் செடியின் காயைத் தின்று அவர்களுக்கும் கொடுத்தனர். கேரளத்தின் பாலோடு வெப்பமண்டலத் தாவரவியல் பூங்கா அதிலிருந்து ‘ஜீவனி’ என்ற மருந்தை உருவாக்கி, 1995-இல் கோவையைச் சேர்ந்த ஆயுர்வேத மருந்து நிறுவனத்துக்கு 10 லட்சம் ரூபாய்க்கும் 2 சதவீத ராயல்டிக்கும் உரிமம் தந்தது. வருவாயில் பாதி காணி மக்களுக்கு என்று முடிவானது. உலகம் முழுவதும் பேசப்பட்ட ஏற்பாடு அது. ஆனால் காட்டிலிருந்து அந்தச் செடியைச் சேகரிப்பதில் வனத்துறையோடு சிக்கல் எழுந்து மூலப்பொருள் கிடைப்பதே கடினமாயிற்று. பணத்தைப் பங்கிட்டவர்கள் செடி எங்கிருந்து வரும் என்பதையும் அதே மேசையில் பேசி முடித்திருக்க வேண்டும் என்பது எங்கள் கருத்து. காணி மக்கள் நம் பாபநாசம் மலையிலும் வாழ்கிறார்கள். சித்த மருத்துவம் சார்ந்தும் மூலிகை சார்ந்தும் ஆய்வு நடக்கும் இடங்களில் பங்கீட்டு ஒப்பந்தம், பல்லுயிர்ச் சட்ட நடைமுறை, வனத்துறை ஒப்புதல் மூன்றையும் ஆய்வு தொடங்கும்போதே முடித்துத் தரும் பொறுப்பைப் பரிமாற்ற அலுவலகத்துக்குத் தர வேண்டும்.

பல்கலைக்கழகத்தை வணிக நிறுவனமாக்க வேண்டும் என்று நாங்கள் கேட்கவில்லை. அரசு நிதியில் பிறந்த கண்டுபிடிப்பின் உரிமையைப் பல்கலைக்கழகங்களே வைத்துக்கொள்ள அமெரிக்காவில் 1980-இல் பே-டோல் சட்டம் வழிசெய்தது. அதைப் பின்பற்றி இங்கே 2008-இல் மாநிலங்களவையில் அறிமுகமான மசோதா சட்டமாகவில்லை. பொதுப் பணத்தில் விளைந்த அறிவு சிலரின் கைக்குள் அடைபட்டுவிடும் என்று அப்போது எழுந்த அச்சம் நியாயமானது. அந்த அச்சத்தை மனத்தில் வைத்தே சொல்கிறோம்: உரிமம் பொதுவாகப் பலருக்கும் தரப்பட வேண்டும், தமிழ்நாட்டின் குறு, சிறு நிறுவனங்களுக்கும் கூட்டுறவு அமைப்புகளுக்கும் கட்டணச் சலுகை வேண்டும். ஒருவருக்கே தர நேர்ந்தால் கால வரம்பும், குறித்த காலத்துக்குள் உற்பத்தி தொடங்காவிட்டால் திரும்பப் பெறும் விதியும் ஒப்பந்தத்தில் இருக்க வேண்டும். மருந்து, நோயறி கருவி என்றால் அரசு மருத்துவமனைக்கு நியாய விலையில் தர வேண்டும் என்ற நிபந்தனை கட்டாயம்.

நிதியைப் பொறுத்தவரை, 2020-21 கணக்குப்படி நாட்டின் மொத்த ஆராய்ச்சிச் செலவே உள்நாட்டு உற்பத்தியில் 0.64 சதவீதம்தான். ஆய்வகத்தில் வெற்றி கண்டதைப் பட்டறை அளவில் செய்துபார்க்கும் கட்டத்துக்குத்தான் பணம் கிடைப்பது மிகக் கடினம். கட்டுரை வெளிவந்ததும் திட்ட நிதி முடிந்துவிடும், முதலீட்டாளரோ ஓடும் இயந்திரத்தைக் காட்டு என்பார். ஸ்டார்ட்அப் டிஎன் அமைப்பின் டான்சீட் மானியமும், தொழில்முனைவோர் மேம்பாட்டு நிறுவனத்தின் புத்தாக்க வவுச்சர் திட்டமும் உதவக்கூடியவை. பல்கலைக்கழக ஆய்வுகளுக்கென அவற்றில் தனி ஒதுக்கீடு வேண்டும். ஆசிரியர்கள் விடுப்பில் சென்று தொழில் தொடங்க மத்தியக் கல்வி அமைச்சகத்தின் 2019-ஆம் ஆண்டுக் கொள்கை இடம் தருகிறது. பணிமூப்பும் ஓய்வூதியமும் பாதிக்கப்படாது என்ற உறுதி மாநில விதிகளில் சேர்ந்தால்தான் ஆசிரியர்கள் துணிந்து இறங்குவார்கள். காலிப் பணியிடங்களை நிரப்பாமல் இது எதுவும் கைகூடாது என்பதையும் பதிவுசெய்கிறோம். இரண்டு ஆசிரியர் வேலையை ஒருவர் பார்க்கும் துறையில் விடுப்புக் கேட்க யாருக்கும் மனம் வராது.

மேற்கண்டவற்றில் கண்டுபிடிப்பாளர் குழு, வெளியீட்டுக்கு முந்தைய பரிசீலனை, காப்புரிமை எண்ணும் முறை ஆகிய மூன்றுக்கும் பெரிய செலவு இல்லை. இவற்றுக்கான அரசாணையை இந்தக் கல்வியாண்டுக்குள் வெளியிட வேண்டுகிறோம். பரிமாற்ற அலுவலகங்களுக்கான நிதியை அடுத்த நிதிநிலை அறிக்கையில் சேர்க்கவும், அதற்கு முன்பாக ஆசிரியர், ஆய்வு மாணவர், சிறுதொழில் முனைவோர் பிரதிநிதிகளை அழைத்து ஒரு கலந்தாய்வுக் கூட்டம் நடத்தவும் கேட்டுக்கொள்கிறோம். தாங்கள் குறிக்கும் நாளில், துறைவாரியான விவரங்களோடு நேரில் வர ஆயத்தமாக இருக்கிறோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,

தலைவர்                செயலாளர்
(சங்க நிர்வாகக் குழுவின் தீர்மானப்படி)