இந்த வயதில் கல்யாணமா?

பாசு சட்டர்ஜி என்றதும் 'ரஜனிகந்தா'வையும் (1974) 'சோட்டி ஸி பாத்'தையும் (1976) புகழ்வார்கள். 1978-ல் அவர் எடுத்த 'கட்டா மீட்டா'வை யாரும் அவ்வளவாகச் சொல்வதில்லை. என்னைக் கேட்டால், மூன்றிலும் துணிச்சலான படம் அதுதான்.

பம்பாய்ப் பார்சிகளின் கதை. மனைவியை இழந்த ஹோமி மிஸ்திரிக்கு நான்கு மகன்கள். கணவரை இழந்த நர்கிஸுக்கு இரண்டு மகன்கள், ஒரு மகள். தனிமை தாங்காமல் இருவரும் மணந்துகொள்கிறார்கள். ஒரே வீட்டில் ஏழு பிள்ளைகள். புளிப்பும் இனிப்புமாகச் சண்டை நடக்கிறது. ஹோமியாக நடித்த அசோக் குமார் நம் செம்பூர்வாசி. 2001-ல் இங்கேயே காலமானார். நர்கிஸாக வந்தவர் நாடகக் கலைஞர் பேர்ல் பதம்சி.

படத்தில் சிரிப்புக்குக் குறைவில்லை. ஆனால் இருவரின் ஆசையைப் பார்த்துச் சிரிக்க வைக்கவில்லை. நம் படங்களிலோ, நரைத்த தலைக்கு ஆசை வந்தால் அது வெறும் நகைச்சுவைப் பகுதிதான்.

தேவ்நாரில் எனக்குத் தெரிந்த ஒருவர் மறுமணப் பேச்சை எடுத்தார். "நாலு பேர் என்ன சொல்வார்கள்?" என்று மகனே தடுத்துவிட்டார். அந்த நாலு பேரும் இரவுச் சாப்பாட்டுக்குத் துணை வருவதில்லை. ஆணுக்கே இப்படியென்றால், கணவரை இழந்த பெண் வாய் திறக்க முடியுமா?

சங்கத்தில் ஒரு ஞாயிறு மாலை இப்படத்தைத் திரையிடலாம். பெரியவர்கள் பிள்ளைகளையும் அழைத்து வரட்டும். முதலில் பார்க்க வேண்டியவர்கள் அவர்கள்தாம்.