பூட்டி வைத்த வித்தை புதைந்த வித்தை

நம் திலக் நகரை ஒட்டிய குர்லா டெர்மினஸில் நேத்ராவதி வண்டி ஏறினால், கொங்கண் பாதை வழியே மறுநாள் வடகரையில் இறங்கலாம். வட கேரளத்து அந்த ஊரில் கடத்தநாடன் களரிச் சங்கம் என்றொரு பயிற்சிக்கூடம் உண்டு. அதன் ஆசான் மீனாட்சி அம்மாவுக்கு 2017-இல் பத்மஸ்ரீ விருது கிடைத்தது. அப்போதே அவர் எழுபதைக் கடந்தவர்.

சேலையை வரிந்து கட்டிய பாட்டியின் வாள்வீச்சைக் கண்டு பத்திரிகைகள் வியந்தன. நாம் பார்க்க வேண்டியது வேறு. அவருடைய கணவர் இராகவன் குருக்கள், தீயர் சாதியில் பிறந்தவர் என்பதால் களரியில் இடம் மறுக்கப்பட்டவர் என்கிறார்கள். அவர் முடங்கிவிடவில்லை, 1949-இல் தாமே ஒரு களரி தொடங்கினார். அங்கே சாதி கேட்பதில்லை, மதம் கேட்பதில்லை, கட்டணமும் கேட்பதில்லை. முடிந்த தட்சணையைக் கொடுத்தால் போதும். ஏழு வயதில் அவரிடம் பயில வந்த சிறுமிதான் மீனாட்சி. பருவமெய்தியதும் பெண் பிள்ளைகளை நிறுத்திவிடுவது அக்கால வழக்கம். இவரை நிறுத்தவில்லை. கணவர் மறைந்தபின் களரியை அவரே ஏற்று நடத்தினார். அன்று அந்தப் பெண்ணைத் தடுத்திருந்தால் பின்னாளில் ஆசான் ஏது?

ஆக, ஒரு குடும்பத்தின் வித்தை பிழைத்தது வீட்டுக்குள் பூட்டி வைத்ததால் அல்ல. ஊர்ப் பிள்ளைகளுக்குக் கதவைத் திறந்து விட்டதால்.

இதை நம் சிலம்பத்தோடு பொருத்திப் பார்ப்போம். தாராவிக்கும் செம்பூருக்கும் பிழைக்க வந்த நம் முன்னோர் மூட்டை முடிச்சோடு கம்பு வித்தையையும் கொண்டு வந்தார்கள். இன்று என்ன நிலை? ஒரு வாத்தியார் தம் மகனுக்கு மட்டுமே சொல்லித் தருவார். மகனுக்கோ ஷிப்டு வேலை. இன்னொருவர் கடைசிப் பாடத்தை மறைத்து வைப்பார். அது அவரோடு சுடுகாட்டுக்குப் போகும்.

'கண்டவர் கையில் கம்பைக் கொடுத்தால் அடிதடிதான் வளரும்' என்பார் சிலர். களரியில் முதலில் மெய்ப்பயிற்சி, அதில் தேறிய பிறகு கோல், அதற்கும் பிறகே வாள். சிலம்பத்திலும் காலடி பழகாமல் வீச்சு இல்லை. தெருச்சண்டைக்கு இத்தனை பொறுமை எதற்கு?

2024 சனவரியில் தமிழ்நாட்டில் நடந்த கேலோ இந்தியா இளைஞர் போட்டிகளில் சிலம்பம் செயல்விளக்க விளையாட்டாக இடம்பெற்றது. அரசு மேடை தரலாம். மேடை வரை பிள்ளையைக் கொண்டு சேர்க்க வாத்தியாரும் வேண்டும், இடமும் வேண்டும். திலக் நகரிலோ பழைய வீட்டுவசதி வாரியக் கட்டடங்கள் இடிபட்டு உயர்ந்த மாடிகள் எழுகின்றன. கம்பு சுற்றத் தரை சுருங்கி வருகிறது.

ஆகவே சங்கத்தாரிடம் நாம் கேட்பது இவைதாம்: வாரம் இரண்டு மாலை ஒரு கூடத்தையோ மைதானத்தையோ சிலம்பத்துக்கு ஒதுக்குங்கள். பெண் பிள்ளைகளைச் சமமாகச் சேருங்கள். சேர்க்கை ஏட்டில் சாதி கேட்கும் கட்டமே வேண்டாம். வாத்தியாரின் ரயில் பாஸ் செலவைச் சங்கம் ஏற்கட்டும்.

வாத்தியார்களுக்கும் ஒரு சொல்: உங்கள் வீட்டுப் பெயர் நிலைக்க வேண்டுமா? வித்தை வீட்டு வாசலைத் தாண்டி வரட்டும்!