குறி தவறும் கை கோழையின் கையா?

பேஸ்பால் ஆட்டத்தைப் பற்றி அமெரிக்காவில் நெடுங்காலமாக வழங்கிவரும் கொள்கை ஒன்று உண்டு. நேற்றுவரை இம்மியும் பிசகாமல் பந்தெறிந்தவன் இன்று திடீரென்று குறி தவறுகிறான் என்றால் அவனுக்கு நெஞ்சுரம் போய்விட்டது. முக்கியமான ஆட்டத்தில் பந்தை அடிக்கத் தவறுகிறவன் சுபாவத்திலேயே கோழை. இரண்டுக்கும் மருந்து மேலும் கடுமையான முயற்சியே. மனோவைத்தியரை நாடுவது பலவீனத்தின் அடையாளம் என்பதே அக்கொள்கை. பயிற்சியாளர்களும் பத்திரிகை எழுத்தாளர்களும் மாடங்களில் அமர்ந்து ஆரவாரிக்கும் ரசிகர்களும் இதைத் தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவந்திருப்பதால், இது ஆராயத் தேவையில்லாத உண்மைபோல் நிலைபெற்றுவிட்டது. கூட்டு ஆட்டமாகவே இருப்பினும் பேஸ்பாலில் பந்தெறியும் பிட்சரும் அதை அடிக்கும் பேட்டரும் பல்லாயிரம் கண்கள் பார்த்திருக்கத் தனித்து நிற்க வேண்டியிருப்பதால், அங்கே நேரும் தோல்வி ஒரு தனிமனிதனின் குணதோஷமாகத் தோன்றுவது இயல்புதான். ஆயினும் இக்கொள்கை பிழையானது மட்டுமன்று, தீங்கு விளைவிப்பதும் ஆகும் என்பது என் உறுதியான எண்ணம். அதன் அங்கங்களை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்ப்போம்.

முதலாவது, குறி தவறுவதற்குக் காரணம் பயமே என்ற வாதம். ஜான் லெஸ்டர் என்ற இடக்கைப் பிட்சரின் வரலாறு இதற்குத் தக்க பதில். 2006-இல், தம் 22-ஆம் வயதில், நிணநீர்ப் புற்றுநோய்க்கு ஆளாகிச் சிகிச்சை பெற்ற அவர், மறு ஆண்டிலேயே பாஸ்டன் ரெட் சாக்ஸ் அணிக்காக, பட்டத்தைத் தீர்மானிக்கும் உலகத் தொடரின் இறுதி ஆட்டத்தில் பந்தெறிந்து வென்றார். 2016-இல், 108 ஆண்டுகளாகப் பட்டம் காணாத சிகாகோ கப்ஸ் அணி, இன்னும் ஓர் ஆட்டம் தோற்றால் எல்லாம் முடிந்தது என்ற நிலையில் நின்றபோது, ஐந்தாம் ஆட்டத்தை வென்று அவ்வணிக்கு உயிர் கொடுத்தவரும் அவரே. இத்தகையவரால் செய்ய இயலாத காரியம் ஒன்று இருந்தது: பேட்டர்கள் ஓடித் தொட வேண்டிய பேஸ் எனப்படும் நிலைகளுள் முதலாவதில் நிற்கும் எதிரணி ஓட்டக்காரர் அடுத்த பேஸுக்கு நழுவிவிடாதபடி, அங்கே பந்தை எறிவது. 2014-ஆம் ஆண்டுப் பருவம் முழுவதும் அவர் ஒரு முறைகூட அங்கே எறியவில்லை. பிட்சர் நிற்கும் மேட்டிலிருந்து பேட்டரின் இடம் 60 அடி 6 அங்குலம். முதல் பேஸோ ஏறக்குறைய 64 அடி. உலகத் தொடரில் தேர்ந்த பேட்டர்களுக்கு எதிரே நடுங்காத கை, தம் அணித்தோழர் கையுறையை நீட்டிக்கொண்டு காத்திருக்கும் திசையில் மட்டும் மறுத்தது என்றால், அதற்குக் கோழைத்தனம் என்று பெயரிடுவது எங்ஙனம் பொருந்தும்?

பேட்டருக்குப் பின்னிருந்து பந்தைப் பிடிக்கும் கேட்சராக நியூயார்க் மெட்ஸ் அணியில் ஆடிய மேக்கி சாசர் விஷயத்திலும் இதையே காண்கிறோம். பேஸ் திருட ஓடும் எதிரியை மடக்க, 127 அடி தொலைவிலுள்ள இரண்டாம் பேஸுக்கு விசையுடன் எறிய அவரால் முடிந்தது. ஒவ்வொரு பந்துக்குப் பிறகும், எவரும் அவசரப்படுத்தாத வேளையில், பிட்சருக்கு அதைத் திருப்பிப் போடுவதுதான் முடியவில்லை. பந்தைக் கையுறையில் தட்டித் தட்டி அவர் தயங்கி நிற்க, ரசிகர்கள் அந்தத் தட்டல்களை உரக்க எண்ணி ஏளனம் செய்தனர். பயம் காரணமானால் அது கடினமான காரியத்தையன்றோ முதலில் கெடுக்க வேண்டும்? ஆபத்து மிகுந்த இடத்தில் அடங்கிக் கிடந்து, எளிய செயலில் தலைகாட்டும் இக்கோளாறு, தைரியத்தைச் சேர்ந்ததன்று. பழக்கத்தால் கைக்கு வந்த வித்தையைச் சேர்ந்தது. கோல்ஃப் ஆட்டக்காரர்களுக்கு நேரும் இத்தகைய தடுமாற்றத்தை ஆராய்ந்த மேயோ மருத்துவமனையார், சிலரிடம் நரம்பைச் சார்ந்த தசைப் பிடிப்பும், சிலரிடம் மனப் பதற்றமும் அதற்குக் காரணமாகலாம் என்று கருதினர்.

இரண்டாவது, மேலும் கவனமும் மேலும் முயற்சியும் இதைத் தீர்க்கும் என்ற வாதம். ஸ்டீவ் பிளாஸைவிட அதிகம் முயன்றவர் யார்? பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அணிக்காக 1971 உலகத் தொடரில் ஏழாம் ஆட்டத்தை முழுமையாக எறிந்து வென்று, 1972-இல் 19 வெற்றிகள் ஈட்டிய அவர், 1973-இல் காரணம் புலப்படாமலே குறியை இழந்தார். 89 இன்னிங்ஸுக்கும் குறைவான ஆட்டத்தில் 84 பேட்டர்களை, அடிக்கத் தகாத பந்துகளை எறிந்து, சும்மாவே முதல் பேஸுக்கு அனுப்பினார். கையில் காயமில்லை. தம் பழைய ஆட்டங்களின் படச்சுருள்களைப் பார்த்தார், எறியும் முறையை மாற்றினார், தியானம் பழகினார். ஒன்றும் பலிக்காமல் 1975-இல் ஓய்வு பெற்றார்.

முயற்சி ஏன் பலிக்கவில்லை என்பதற்கு விடை சொல்லும் ஆராய்ச்சி ஒன்று உண்டு. அரிசோனா மாநிலப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ராப் கிரே, 2004-இல் வெளியிட்ட ஆராய்ச்சியில், பாவனைக் கருவியின்முன் பேட்டர்களை நிறுத்தி, சிலவேளை இடையே ஒலிக்கும் ஓர் ஓசையைக் கவனிக்கவும், சிலவேளை தம் மட்டை எத்திசையில் அசைகிறது என்று கவனிக்கவும் செய்தார். ஓசையைக் கவனித்தபோது தேர்ந்தவர்களின் ஆட்டம் கெடவில்லை. தம் மட்டையைத் தாமே கவனித்தபோதுதான் கெட்டது. புதியவர்களிடமோ இதற்கு நேர்மாறான விளைவு. இருள் பிரியுமுன் வாசலில் புள்ளி வைத்து இழை இழுக்கும் பெண், கட்டைவிரலும் சுட்டுவிரலும் மாவை எவ்வளவு நெகிழ்த்துகின்றன என்று ஆராய முற்பட்டால், கோலம் அந்தக் கணமே அறுபடும். கற்கும் காலத்தில் உதவியாயிருந்த விழிப்பு, கற்றுத் தேர்ந்தபின் உபத்திரவமாகிறது. ஆதலால், குறி தவறுகிறவனைப் பார்த்து ‘இன்னும் கவனமாக எறி’ என்பது, நோயை வளர்ப்பதையே மருந்தென்று கொடுப்பதாகும்.

மூன்றாவது, நெருக்கடியே மனிதனின் உண்மைக் குணத்தை வெளிப்படுத்தும் என்ற வாதம். இதற்கு உதாரணமாக நியூயார்க் யாங்கீஸ் அணியின் டெரெக் ஜீட்டரைக் காட்டுவார்கள். பருவ முடிவில் நடக்கும் பட்டப் போட்டிகளில் அவர் புகழ் பெற்றது மெய்யே. ஆனால் கணக்கைப் பாருங்கள். சாதாரணப் பருவ ஆட்டங்களில் அவர் அடித்த சராசரி 0.310, பட்டப் போட்டிகளின் 158 ஆட்டங்களில் 0.308. நெருக்கடி அவரை வேறு மனிதராக்கவில்லை; எப்பொழுதும் ஆடியவாறே அங்கும் ஆடினார், அதுவே அவர் சிறப்பு. மறுபுறம், பேட்டர் பாரி பாண்ட்ஸ் 1990 முதல் 2000 வரை பட்டப் போட்டிகளில் 0.200 சராசரியைக்கூட எட்டாமையால், நெருக்கடியில் உதவாதவர் என்ற பழியைச் சுமந்தார்; 2002-இல் அதே பாண்ட்ஸ் அப்போட்டிகளில் எட்டு ஹோம் ரன்கள் அடித்தார். இடைப்பட்ட காலத்தில் அவருக்குப் புதிய நெஞ்சு முளைத்ததா? பத்து முறைக்கு மூன்று முறை அடித்தாலே சிறந்தவர் எனப்படும் ஆட்டத்தில், சில பத்து வாய்ப்புகளை வைத்து ஒருவனுடைய ஆன்மாவை எடை போடுவது விவேகமன்று. ஆய்வாளர் ரிச்சர்ட் கிரேமர் 1977-இல் வெளியிட்ட கட்டுரையில் 1969, 1970-ஆம் ஆண்டுகளின் கணக்குகளை ஒப்பிட்டு, ஓராண்டு நெருக்கடியில் நன்கு அடித்தவர்களே மறு ஆண்டும் அவ்வாறு அடித்தார்கள் என்பதற்கு ஆதாரமில்லை என்று காட்டினார். பிற்காலத்தார் கண்ட வேறுபாடும் மிகச் சிறியதே.

நான்காவது, மருத்துவ உதவி நாடுவோர் பலவீனர் என்ற வாதம். இதை வரலாறே மறுக்கிறது. பாஸ்டனின் ஜிம்மி பியர்சால் 1952-இல் மனநோய்க்காக மருத்துவமனையில் சேர்ந்து, மறு ஆண்டே களத்துக்குத் திரும்பி, பிற்காலத்தில் தலைசிறந்த தடுப்பாளருக்குரிய தங்கக் கையுறை விருதை இருமுறை பெற்றார். சமூக அச்சத்தாலும் மனச்சோர்வாலும் 2006-இல் ஆட்டத்தையே விட்டு விலகிய ஜாக் கிரெயின்கி, சிகிச்சை பெற்றுத் திரும்பி, 2009-இல் சிறந்த பிட்சருக்குரிய சை யங் விருதை வென்றார். தந்தையை இழந்த துயரத்தால் 2009-இல் சில காலம் ஒதுங்கியிருந்த ஜோயி வாட்டோ, அடுத்த ஆண்டே தேசிய லீகின் தலைசிறந்த ஆட்டக்காரராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். பலவீனம் என்று இகழப்பட்டதே இவர்களுக்கு மீளும் வழியாயிற்று.

எதிர்த்தரப்பில் உண்மையே இல்லை என்று சொல்ல மாட்டேன். மனப்பயிற்சி பயன் தரும் என்பதை நானும் ஒப்புகிறேன். ஹார்வி டார்ஃப்மன், கார்ல் கூல் ஆகியோர் 1989-இல் வெளியிட்ட மனப்பயிற்சி நூலும், கலிஃபோர்னியாவில் கென் ரவிஸா அளித்த பயிற்சியும் இதற்குச் சான்று. ஆனால் அவர்கள் உபதேசித்தது வீராவேசத்தையன்று. மூச்சைச் சீராக்குவது, பார்வையை ஒரு புள்ளியில் நிறுத்துவது, போன பந்தை மறந்து வரும் பந்தை மட்டும் எண்ணுவது போன்ற, எவரும் கற்கக்கூடிய எளிய பழக்கங்களையே. அவற்றாலும் எல்லோரும் மீள்வதில்லை என்பதை மறைக்க வேண்டியதில்லை. 1983-இல் எறிதலில் தடுமாறி 30 பிழைகள் செய்த ஸ்டீவ் சாக்ஸ் மீண்டு, மேலும் பத்தாண்டுகளுக்கு மேல் ஆடினார், குறி இழந்த பிட்சர் டேனியல் பார்ட் ஏழாண்டுகளுக்குப் பின் 2020-இல் முதல்தர அணிகள் ஆடும் பெரிய லீகுக்குத் திரும்பினார், பிளாஸ் திரும்பவில்லை. இவர்களைப் பிரித்தது தைரியத்தின் ஏற்றத்தாழ்வு என்று சொல்ல எவரிடமும் ஆதாரமில்லை.

இந்தக் கொள்கையின் தீமை இன்னதென்று ரிக் ஆங்கீலின் வாழ்க்கையில் தெளிவாகத் தெரிகிறது. 2000-ஆம் ஆண்டு அக்டோபரில், 21 வயதில், செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் அணிக்காகப் பட்டப் போட்டியில் எறியவந்த அவர், ஒரே இன்னிங்ஸில் ஐந்து முறை, கேட்சருக்கு எட்டாதபடி பந்தை எறிந்தார். மறு ஆண்டு, களமிறங்குமுன் பதற்றத்தை அடக்க வோட்கா குடித்ததைத் தம் நூலில் அவரே எழுதியிருக்கிறார். பிட்சராக மீள முடியாமல் 2005-இல் அத்தொழிலைக் கைவிட்ட அவர், 2007-இல் பேட்டராகவும் வெளிக்களத் தடுப்பாளராகவும் பெரிய லீகுக்குத் திரும்பினார். 2008-இல் கொலராடோவில், மைதானத்தின் ஆழத்திலிருந்து மூன்றாம் பேஸுக்கு அதே கையால் குறி பிசகாமல் எறிந்தார். கையும் பழுதுபடவில்லை, துணிவும் பழுதுபடவில்லை. தோல்வியைக் குணக்கேடென்று உலகம் தீர்ப்புச் சொல்லும்போது, பாதிக்கப்பட்டவன் உதவியைக் கேட்காமல் ஒளித்துக்கொள்ளவே முற்படுகிறான். ஒளித்த நோய் வளர்கிறது.

ஆகவே, முழங்கை பிசகிய பிட்சரை எவ்வாறு இகழாமல் வைத்தியரிடம் அனுப்புகிறோமோ, அவ்வாறே குறி இழந்தவனையும் அனுப்புதல் வேண்டும். பயிற்சியாளர்கள் அவனிடம் வீரம் கேட்பதை விட்டு, எப்பொழுது, எந்தத் தொலைவில், எந்த எறிதலில் கை மறுக்கிறது என்று பொறுமையாக விசாரிக்க வேண்டும். எழுதுகிறவர்கள் ஒரு மாலைப்பொழுதின் ஆட்டத்தை வைத்து ஒருவனுடைய ஒழுக்கத்துக்குத் தீர்ப்பெழுதும் வழக்கத்தைக் கைவிட வேண்டும். மனம் பேஸ்பாலில் பெரும்பங்கு வகிக்கிறது என்று சொல்லுகிறவர்கள், அந்த மனத்துக்கும் உடம்பைப் போலவே நோவும் சிகிச்சையும் உண்டு என்பதை ஏற்பதே நேர்மை.