விளையாட்டைக் கொடுக்காதீர்கள், அதை ஓட வைக்கும் வேலையைக் கொடுங்கள்

கொஞ்சம் நீளமான பதிவு. வீட்டில் ஒரு பழைய மடிக்கணினியும் பத்துப் பன்னிரண்டு வயதில் ஒரு பிள்ளையும் இருப்பவர்கள் கடைசி வரை படித்தால் மகிழ்வேன்.

"எந்நேரமும் கேம்தான் சார், நீங்களாவது சொல்லுங்க" என்று என்னிடம் வராத பெற்றோர் குறைவு. ஓய்வு பெற்ற பிறகும் வருகிறார்கள். நான் சொல்லும் பதில் பலருக்குப் பிடிப்பதில்லை. விளையாட்டைப் பிடுங்காதீர்கள். ஆனால் தயாராகச் சமைத்துக் கையிலும் கொடுக்காதீர்கள். அதை ஓட வைக்கும் வேலையைப் பிள்ளையிடமே விட்டுவிடுங்கள் என்பேன்.

போனில் ஒரு விளையாட்டை இறக்க எத்தனை அறிவு வேண்டும்? ஒரு விரல் போதும். தொட்டால் வந்துவிடும். பிடிக்காவிட்டால் அழித்துவிட்டு அடுத்தது. பத்து வருடம் இப்படித் தொட்டாலும் அந்தக் கருவிக்குள் என்ன நடக்கிறது என்று பிள்ளைக்குத் தெரியப் போவதில்லை. ஆனால் லினக்ஸ் கணினியில் ஒரு பழைய டிவி கேமை எமுலேட்டர் வைத்து ஓட்டச் சொல்லிப் பாருங்கள். படித்துப் புரிந்துகொண்டால்தான் அது ஓடும். புரியவில்லை என்றால் ஓடாது. இப்படி ஒரு கறாரான வாத்தியார் இன்று எங்கே கிடைக்கிறார்?

முதலில் கணினி. 2011 முதல் தமிழ்நாடு அரசு மேல்நிலை மாணவர்களுக்கும் கல்லூரி மாணவர்களுக்கும் மடிக்கணினி கொடுத்தது நினைவிருக்கும். அவற்றில் விண்டோஸுடன் பாஸ் லினக்ஸும் சேர்ந்தே வந்தது. சி-டாக் நிறுவனம் சென்னையில் உருவாக்கிய இயங்குதளம் அது. பெரும்பாலான பிள்ளைகள் அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. இன்று அந்தக் கணினிகள் பரணில் கிடக்கின்றன, அல்லது பழைய இரும்புக்காரரின் தள்ளுவண்டியில் போகின்றன. விண்டோஸுக்கு அவை கிழடாகியிருக்கலாம். லினக்ஸ் மின்ட்டின் எக்ஸ்எஃப்சிஇ பதிப்பு போன்ற இலகுவான ஒன்றை ஏற்றினால் 2 ஜிபி ராம் உள்ள கணினிகூட எழுந்து நடக்கும்.

அடுத்து, எமுலேட்டர் என்றால் என்ன? பிள்ளைகளுக்கு நான் சொல்லும் உதாரணம் தேர்தல் கூட்டம். வடநாட்டுத் தலைவர் மேடையில் இந்தியில் பேசுவார். பக்கத்தில் நிற்பவர் வாக்கியம் வாக்கியமாகத் தமிழில் சொல்வார். கூட்டம் கைதட்டும். எமுலேட்டர் அந்த மொழிபெயர்ப்பாளர். 1983இல் ஜப்பானில் நின்டெண்டோ வெளியிட்ட ஃபேமிகாம் என்ற கருவிக்காக எழுதப்பட்ட கட்டளைகள் நம் மடிக்கணினிக்குப் புரியாது. எமுலேட்டர் ஒவ்வொரு கட்டளையாக வாங்கி, நம் கணினிக்குப் புரியும்படி செய்துகாட்டும். நொடிக்கு 60 படம் வீதம், தாமதமில்லாமல் செய்ய வேண்டும். மொழிபெயர்ப்பாளர் திணறினால் கைதட்டல் தப்பான இடத்தில் விழும் இல்லையா? அதுபோல எமுலேட்டர் திணறினால் பொத்தானை அழுத்தி அரை நொடி கழித்து மரியோ குதிப்பார், பள்ளத்துக்குள்.

நம் ஊரில் 90களில் "கேசட்" போட்டு விளையாடிய டிவி கேம்களில் பெரும்பாலானவை இந்த ஃபேமிகாமின் நகல்கள்தாம். இப்போது முப்பத்தைந்து, நாற்பது வயதில் இருக்கும் அப்பாக்களுக்கு நன்றாகத் தெரியும்.

என் தெருவில் ஒரு மாணவி. எட்டாம் வகுப்பு. அவள் அப்பா என்னிடம் படித்தவர், ஆட்டோ ஓட்டுகிறார். அண்ணனுக்குக் கிடைத்த மடிக்கணினி வீட்டில் சும்மா கிடந்தது. "இரும்புக்காரன் முந்நூறு ரூபா தர்றேங்கிறான் சார், போட்டுடலாமா?" என்று கேட்டார். நான்கு ஞாயிற்றுக்கிழமை பொறுங்கள் என்றேன். கணினியில் லினக்ஸ் ஏற்றுவது வரை கூட இருந்தேன். அதற்குப் பிறகு விசைப்பலகையில் நான் கை வைக்கவில்லை. அதுதான் எங்கள் ஒப்பந்தம்.

முதல் ஞாயிறு. டெர்மினலைத் திறந்து ஒரே வரி தட்ட வேண்டும். ஆங்கில எழுத்தில் தட்டுவதை உச்சரிப்பில் எழுதுகிறேன்: "சூடு ஆப்ட் இன்ஸ்டால் ரெட்ரோஆர்ச்". சூடு என்ற சொல்லைக் கேட்டுச் சிரித்தாள். சிரிப்பதற்கில்லை, அது கணினியின் முழு அதிகாரத்தையும் கேட்கும் சொல், யோசிக்காமல் போட்டால் உண்மையாகவே சூடு வைக்கும் என்றேன். கடவுச்சொல் கேட்டது. தட்டும்போது திரையில் ஒரு புள்ளிகூட விழவில்லை. "கீபோர்டு வேலை செய்யல சார்" என்றாள். வேலை செய்கிறது, பக்கத்தில் இருப்பவர் எத்தனை எழுத்து என்றுகூட எண்ணிவிடக் கூடாது என்பதற்காக மறைக்கிறது என்றேன். கடவுச்சொல் பற்றி ஒரு மணி நேரம் பாடம் எடுத்தாலும் பதியாதது அங்கே பதிந்தது.

ரெட்ரோஆர்ச் வந்தது. திறந்தது. விளையாட்டுக் கோப்பைக் காட்டினாள். ஓடவில்லை. கோர் எதுவும் இல்லை என்று ஆங்கிலத்தில் ஒரு வரி வந்தது. உடனே அதை மூடிவிட்டு மறுபடி அதே இடத்தை அழுத்தினாள். மறுபடி அதே வரி. மறுபடி மூடினாள். ஐந்து முறை!

நண்பர்களே, முப்பது வருட வகுப்பறையில் நான் கண்ட பெரிய நோய் இதுதான். கணக்குத் தாளில் "பதில் தவறு" என்று எழுதியிருந்தால் ஏன் தவறு என்று பார்க்காமல் அழித்துவிட்டு அடுத்த எண்ணைப் போடும் பிள்ளை. வங்கி இயந்திரம் ஏதோ சொன்னால் படிக்காமல் அட்டையை உருவும் பெரியவர். கருவி மறுக்கும்போது அது காரணமும் சேர்த்துத்தான் சொல்கிறது. அதைப் படிக்கும் பழக்கம் நமக்கு இல்லை.

"அந்த வரியை வாய்விட்டுப் படிம்மா" என்றேன். படித்தாள். கோர் என்றால் என்ன என்று தேடினாள். ரெட்ரோஆர்ச் என்பது வெறும் மேடை, மொழிபெயர்ப்பாளரைத் தனியாக அழைத்து வர வேண்டும், அவர்தான் கோர் என்று அவளே கண்டுபிடித்தாள். டெபியன் வழியில் வரும் லினக்ஸ்களில் ரெட்ரோஆர்ச்சுக்குள் இருக்கும் கோர் இறக்கும் வசதியை மறைத்தே தருகிறார்கள். அதனால் "லிப்ரெட்ரோ நெஸ்டோபியா" என்ற தொகுப்பை அதே ஆப்ட் கட்டளையில் தனியாகக் கேட்க வேண்டும். இதைக் கண்டுபிடிக்க அவளுக்கு ஒன்றரை ஞாயிறு ஆனது. நான் சொல்லியிருந்தால் அரை நிமிடம். சொல்லவில்லை. வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பது ஆசிரியருக்கு எவ்வளவு கடினம் என்பது ஆசிரியர்களுக்குத் தெரியும்.

மூன்றாவது ஞாயிறு விளையாட்டு ஓடியது. அம்புக்குறிகள் நகர, எக்ஸ் குதிக்க, இஸட் ஓட. இன்னொரு சிக்கல் வந்தது. வலது அம்பு, இஸட், எக்ஸ் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் ஒன்று விழவில்லை. விசைப்பலகைக்குள் ஒவ்வொரு விசைக்கும் தனிக் கம்பி கிடையாது, வரிசையும் நிரலுமாகக் கட்டம் போட்டுத்தான் இணைத்திருப்பார்கள், சில மூன்று விசைச் சேர்க்கைகள் குழம்பிவிடும் என்று தெரிந்துகொண்டு, ஓடும் விசையை வேறு இடத்துக்கு மாற்றினாள். ஒன்பதாம் வகுப்பில் ஆயத்தொலைவுகள் கற்பிக்கும்போது "இது எதுக்கு சார்?" என்று கேட்பார்கள். இதுக்குத்தான்.

கணக்கு இன்னும் இருக்கிறது. முதல் சூப்பர் மரியோ பிரதர்ஸ், 1985இல் வந்தது, மொத்தம் 40 கேபி. காலையில் நாம் அனுப்பும் ரோஜாப்பூ "குட் மார்னிங்" படம் பெரும்பாலும் அதைவிடப் பெரியது! அந்தக் கருவியின் வேலை நினைவகம் 2 கேபி, அதாவது 2048 பைட். யூனிகோடில் ஒரு தமிழ்க் குறிக்கு 3 பைட் என்று கணக்கிட்டால் சுமார் 680 குறிகள். இந்தப் பதிவின் முதல் மூன்று பத்திகூட அதில் அடங்காது. த லெஜண்ட் ஆஃப் செல்டா விளையாட்டில் 255 ரூபிக்கு மேல் சேர்க்க முடியாது. ஏன் 255? எட்டு பிட்டில் எழுதக்கூடிய பெரிய எண் அதுதான். இரண்டடிமான எண்களைக் கரும்பலகையில் விளக்கியபோது கொட்டாவி விட்ட பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன். இதைச் சொன்னபோது அவள் கொட்டாவி விடவில்லை.

அவள் அப்பாவுக்குச் சமாதானம் இல்லை. "சார், நீங்களே கேம் சொல்லிக் கொடுத்தா நாங்க எப்படி கண்டிக்கிறது?" என்றார். நியாயமான கேள்வி. நான் சொன்னது: அவள் இந்த நான்கு வாரத்தில் விளையாடிய நேரம் மொத்தம் மூன்று மணி இருக்காது. மிச்ச நேரமெல்லாம் ஏன் ஓடவில்லை என்று தேடிய நேரம். பழைய விளையாட்டுகளில் இன்னொரு நன்மை, அவை முடியும். நாளைக்கு வா பரிசு தருகிறேன் என்று கூப்பிடாது, காசு கேட்காது, விளம்பரம் காட்டாது. இருந்தாலும் விளையாடும் நேரத்துக்குக் கணக்கு வையுங்கள், பழுது பார்க்கும் நேரத்துக்கு வைக்காதீர்கள் என்றேன். தலையாட்டினார். முழுதாக ஒப்புக்கொண்டாரா, தெரியாது. கணினி இரும்புக்கடைக்குப் போகவில்லை, அது போதும்.

இப்போது முக்கியமான விஷயம். விளையாட்டுக் கோப்பு எங்கிருந்து வரும்? "எல்லாம் இணையத்தில் கிடைக்கும் சார்" என்பார்கள். கிடைக்கும். அடுத்தவர் தோட்டத்து மாங்காயும்தான் சுவருக்கு வெளியே தொங்குகிறது. எமுலேட்டர் எழுதுவதும் வைத்திருப்பதும் வேறு, விளையாட்டைத் திருட்டாக இறக்குவது வேறு. பிளேஸ்டேஷன் எமுலேட்டர் செய்த கனெக்டிக்ஸ் மீது சோனி தொடுத்த வழக்கில், அதற்காகச் சோனியின் நிரலை ஆராய்ந்து பார்த்தது நியாயமான பயன்பாடே என்று 2000இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. ஆனால் இன்றும் விற்பனையில் இருக்கும் சுவிட்ச் கருவிக்கு எமுலேட்டர் செய்த யூசு குழு மீது நின்டெண்டோ 2024இல் வழக்குப் போட்டது. 24 லட்சம் டாலர் தர ஒப்புக்கொண்டு அவர்கள் கடையை மூடினார்கள். நம் 1957ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, கணினி நிரலை முறைப்படி வைத்திருப்பவர் தனக்குக் காப்புப் பிரதி எடுத்துக்கொள்ள இடம் தருகிறது. ஊருக்கெல்லாம் நகல் போட்டுக் கொடுக்க அது இடம் தரவில்லை.

எதிர்ப்பக்க நியாயமும் உண்டு. அமெரிக்காவில் 2010க்கு முன் வெளியான விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று விற்பனையிலேயே இல்லை என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் வெளியிட்ட ஆய்வு சொல்கிறது. விற்கவும் மாட்டார்கள், நகல் எடுக்கவும் விடமாட்டார்கள் என்றால், கறையான் அரித்த சுவடியின் கதைதான் இவற்றுக்கும். இதற்குச் சட்டம் வழி காண வேண்டும் என்பதே என் கருத்து. ஆனால் அதை மாற்றும் வேலை பெரியவர்களுடையது. பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்கு "எல்லாரும் எடுக்கிறாங்க, நீயும் எடு" என்று நான் சொல்ல முடியாது.

அந்த மாணவி ஓட்டியது "நோவா த ஸ்குவிரல்". பழைய நின்டெண்டோ கருவிக்காக இந்தக் காலத்தில் எழுதி, மூல நிரலோடு இலவசமாகவே வெளியிட்ட விளையாட்டு. "ஆல்டர் ஈகோ" என்று இன்னொன்றும் இருக்கிறது. மரியோ இல்லையே என்று முதலில் முகம் சுருங்கியது. மூல நிரலைத் திறந்து பார்க்கலாம், மாற்றலாம் என்றதும் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

கடைகளில் "பத்தாயிரம் கேம்" என்று அச்சடித்து, டிவியில் செருகும் குச்சி விற்கிறார்கள். வேலை சுலபம்தான். அதனால்தான் வேண்டாம் என்கிறேன். அதில் பிள்ளை கற்றுக்கொள்ள ஒன்றும் மிச்சமில்லை. அவ்வளவு விளையாட்டுக்கும் உரிமம் வாங்கித்தான் அந்த விலைக்கு விற்கிறார்களா என்பதையும் நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

நம் பள்ளிகளில் கணினிப் பாடம் என்றால் மவுஸ் படம் வரைந்து பாகம் குறிப்பது, சிபியு விரிவாக்கம் எழுதுவது. அது தப்பில்லை, ஆனால் அதோடு நின்றுவிடுகிறது. பணியில் இருக்கும் ஆசிரியத் தோழர்களுக்கு ஒரு வேண்டுகோள். பள்ளியில் ஒதுக்கி வைத்த ஒரு பழைய கணினியை நான்கு பிள்ளைகள் கொண்ட குழுவிடம் கொடுங்கள். ஒரு மாதம் அவகாசம். நீங்கள் விசைப்பலகையைத் தொடக் கூடாது. "ஏன் ஓடவில்லை?" என்று தினமும் ஒரு வரி நோட்டில் எழுதச் சொல்லுங்கள். மதிப்பெண் அந்த நோட்டுக்கு. விளையாட்டு ஓடினால் அது அவர்களுக்குப் பரிசு.

பெற்றோருக்கும் அதுவே. வருகிற விடுமுறையில் பரணில் இருப்பதை இறக்குங்கள். பேட்டரி உப்பியிருந்தால் முதலில் அதைக் கழற்றிவிட்டு, நேரே மின்சாரத்தில் போட்டுப் பாருங்கள். எழுந்துவிட்டால் இரும்புக்காரரைத் திருப்பி அனுப்பிவிடுங்கள். எங்கேயாவது சிக்கினால் கருத்தில் எழுதுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன். ஆனால் ஒரு நிபந்தனை: திரையில் வந்த பிழைச் செய்தியை உங்கள் பிள்ளையே முழுதாகப் படித்து எழுதியிருக்க வேண்டும்.