கணக்கு சொல்லில் இருக்கிறது

கணக்கு என்றாலே பிணக்கு என்று ஒதுங்கும் நண்பர்கள் நம்மிடையே பலர். அவர்களைக் கூர்ந்து கவனித்திருக்கிறேன். சமன்பாட்டை எழுதிக் கொடுத்துவிட்டால் பெரும்பாலோர் தீர்த்துவிடுகிறார்கள். அதையே நான்கு வரி வாக்கியமாகக் கொடுத்தால் பேனா நின்றுவிடுகிறது. அப்படியானால் குறை கணிதத்தில் இல்லை. நாம் வாசிக்கும் முறையில்தான் இருக்கிறது என்பது என் கருத்து.

இதை நான் பட்டே அறிந்தேன். பள்ளித் தேர்வு ஒன்றில், “நாளொன்றுக்குக் குறைந்தது 40 நாற்காலிகள் செய்ய வேண்டும்” என்று வினா. ‘குறைந்தது’ என்ற சொல்லைக் கண்டதும் நா ≤ 40 என்று எழுதிவிட்டேன். நாற்பதுக்குக் கீழே போகக்கூடாது என்பதல்லவா பொருள்? நா ≥ 40 என்றிருக்க வேண்டும். அவ்வாறே, ‘அதிகபட்சம் 40’ என்றால் நா ≤ 40. சொல்லின் தோற்றம் ஒரு பக்கம் இழுக்கிறது. பொருளோ மறுபக்கம் நிற்கிறது! குறி ஒன்று திரும்பியதால் ஒரு பக்க உழைப்பும் வீணாயிற்று.

இத்தடுமாற்றம் நமக்கு மட்டும் உரியதன்று. “ஆசிரியர்களைப் போல் ஆறு மடங்கு மாணவர்கள்” என்பதைச் சமன்பாடாக்கும்படி அமெரிக்கப் பொறியியல் மாணவர்களிடம் கேட்டார்கள். மூன்றில் ஒரு பங்குக்கும் மேற்பட்டோர் தவறினர் என்று 1980-களின் தொடக்கத்தில் ஜான் கிளமென்ட் என்னும் ஆய்வாளர் எழுதினார். தவறியோரில் மிகப்பலர் சொன்ன வரிசையிலேயே 6மா = ஆ என்று எழுதிவிட்டனர். ஆசிரியர் 10 என்றால் மாணவர் 60. அந்த எண்களை இட்டுப் பார்த்திருந்தால் 360 = 10 என்று வந்து பிழை சிரித்திருக்கும். மா = 6ஆ என்பதே சரி.

தமிழில் படித்தால் கணிதம் வராது என்பாரும் உளர். நான் உடன்படேன். “ஓர் எண்ணின் மும்மடங்குடன் 7-ஐக் கூட்டினால் 25 கிடைக்கும்.” இந்த வாக்கியம் செல்லும் வழியிலேயே 3எ + 7 = 25 என்று எழுதிச் செல்லலாம்; எண் 6. “ஓர் எண்ணுடன் 7-ஐக் கூட்டி, வந்ததை மும்மடங்காக்கு” என்றாலோ 3(எ + 7). ‘கூட்டி’ என்ற வினையெச்சமே அடைப்புக்குறியின் வேலையைச் செய்துவிடுகிறது. கணக்கதிகாரம் தந்த மொழிக்கு இது புதிதா என்ன?

இது தேர்வோடு முடியும் செய்தியுமன்று. 61-ஆவது அரசியல் சட்டத் திருத்தம் 1989-இல் நடைமுறைக்கு வந்து, வாக்குரிமை வயதை 21-லிருந்து 18 ஆக்கியது. சட்டத்தின் சொல் ‘18-க்குக் குறையாத’ என்பது. அதாவது வ ≥ 18. நாமோ பேச்சில் ‘18-க்கு மேற்பட்டோர்’ என்கிறோம். அதை வ > 18 என்று கொண்டால், தகுதி நாளன்று சரியாக 18 நிறைந்தவர் தம் வாக்கை இழப்பார். ஒரு சிறு கோட்டில் ஓர் உரிமை தொங்குகிறது!

ஆகவே நண்பர்களே, வினாவைக் கண்டதும் சூத்திரத்தைத் தேடாதீர்கள். இருமுறை வாசியுங்கள். தெரியாதது எது என்று ஒரு வரி எழுதுங்கள். சமன்பாட்டை எழுதியபின் ஓர் எண்ணை இட்டுப் பாருங்கள். நம் கணித வகுப்பில் வாரம் ஒரு மணி நேரம், எதையும் தீர்க்காமல், வாக்கியங்களைச் சமன்பாடாக்க மட்டுமே ஒதுக்கினால் பிணக்கு தானே தீரும்.