கண்ணகி: கண்ணில் சிரிப்பு

வண்டன்மேட்டு ஏலத் தோட்டங்களுக்குக் கம்பம்மெட்டு வழியாக ஜீப்பில் நெருக்கியடித்து வந்து இறங்கும் தமிழ்ப் பெண்களுக்கு, அந்த மலைத்தொடரில் சொந்தமாக ஒரு தெய்வம் உண்டு. அவளைப் பார்க்க வருடத்தில் ஒரே ஒரு நாள்தான் அனுமதி. சித்திரா பௌர்ணமி. பெரியாறு புலிகள் காப்பகத்துக்குள் இருக்கும் மங்கலதேவி கோயிலுக்குக் கேரளத்துக்காரர்கள் குமுளியிலிருந்து ஜீப்பில் போகிறார்கள். தமிழகத்துக்காரர்கள் கூடலூரை அடுத்த பளியன்குடியிலிருந்து நடந்து ஏறுகிறார்கள். கோயில் யாருடையது என்ற எல்லைத் தகராறு பழசு. அது கண்ணகி கோயில்தான் என்று 1963ல் அடையாளம் காட்டியவர் தமிழறிஞர் சி. கோவிந்தராசன்.

கண்ணகி என்றால் என்ன? கண்ணால் நகுபவள் என்று பிரிப்பது வழக்கம். நகுதல் என்பது சிரிப்பு மட்டுமல்ல, ஒளிர்தலும்தான். சிரிக்கும் கண்ணைப் பெயராகக் கொண்டவள் பாண்டியன் வாசலில் கண்ணீரோடு நின்றாள். பாலக்காட்டு மூத்தாந்தரையில் அவள் கர்ணகியம்மன். நடுவே ஒரு 'ர்' புகுந்ததும் கண் போய், வடமொழிக் காது வந்துவிடுகிறது! மட்டக்களப்பில் கண்ணகை. சிங்களவருக்குப் பத்தினி தெய்வம்; அங்கே பெயர் உதிர்ந்து பட்டம் மட்டும் மிஞ்சியிருக்கிறது.

இன்னொரு கண்ணகியும் இருந்தாள். மயிலுக்குப் போர்வை கொடுத்த பேகனின் மனைவி. மயில் குளிரில் நடுங்குமே என்று இரங்கிய அந்தப் பழனிமலைத் தலைவன், மனைவியை விட்டு வேறொருத்தியிடம் போய்விட்டான். வீட்டுக்குப் போ என்று கபிலர், பரணர் உள்பட நான்கு புலவர்கள் அவனிடம் கேட்டுப் பார்த்தார்கள் (புறநானூறு 143 முதல் 147 வரை). ஆக, இலக்கியம் தரும் இரண்டு கண்ணகிகளுமே கணவன் விட்டுப் போனவர்கள்.

இந்தப் பெயரை மகளுக்கு வைக்கச் சில தாய்மார்கள் தயங்குவதில் வியப்பில்லை. பெயரோடு தலைவிதியும் ஒட்டிக்கொள்ளுமோ என்ற பயம். அதைப் பெருமைக்குரிய பெயராக்கியதில் திராவிட இயக்க மேடைகளுக்கும் சினிமாவுக்கும் பங்குண்டு. 1968ல் சென்னை மெரினாவில் சிலை வந்தது. 2001ல் அகற்றப்பட்டு 2006ல் திரும்பியது. ஆனால் மேடைகளில் அதிகம் முழங்கியது கற்புதான். அரசனைப் பெயர் சொல்லாத குறையாகக் குற்றவாளி என்ற அவளுடைய துணிச்சலுக்கு இரண்டாம் இடமே கிடைத்தது.

மலைமேல் உள்ள பெயர்தான் விசேஷம். தாலி இழந்தவளுக்கு மங்கலதேவி என்று பெயர். வேங்கை மரத்தடியில் நின்றவள் கணவனோடு விண்ணுக்குப் போனதைக் குன்றக் குறவர்கள் பார்த்தார்கள், அதனால் மங்கலம் என்று விளக்குவார்கள் புலவர்கள். விளக்கம் இருக்கட்டும். கீழே கம்பம் பள்ளத்தாக்கில் கல்யாண வீட்டு ஆரத்தித் தட்டைத் தொடத் தயங்கி ஓரமாக நிற்கும் கைம்பெண்களும், சித்திரா பௌர்ணமியன்று அந்த மலையேறி, கணவனை இழந்த ஒருத்தியின் முன்னால் நின்று, 'மங்கலதேவி' என்று வாய்விட்டு அழைக்கிறார்கள்.