நிழற்குடையில் பெயர் இல்லாதவர்

எங்கள் ஆத்தூர்ப் பக்கம் ஒரு எம்.பி.யை எடைபோட ஒரே கேள்விதான்: என்ன கட்டிக் கொடுத்தார்? பயணியர் நிழற்குடையில் பெயர் இருந்தால் உழைத்தவர். உப்பளத் தொழிலாளியின் கூலியையோ தாமிரபரணி மணலையோ பற்றி அவையில் ஒரு வார்த்தை பேசினாரா என்று யாரும் விசாரிப்பதில்லை. இந்தக் கணக்கில் இரா.செழியன் தேறவே மாட்டார். நாவலர் நெடுஞ்செழியனின் தம்பி. 1962இல் பெரம்பலூரிலிருந்து தி.மு.க. சார்பில் மக்களவைக்குப் போனவர். 1971-73இல் பொதுக் கணக்குக் குழுவின் தலைவர். அரசு செலவழித்த பணத்துக்குக் கணக்குக் கேட்கும் குழு அது. கைதட்டல் கிடைக்காத வேலை. பின்னாளில் அண்ணன் அ.தி.மு.க.வுக்குப் போக, இவர் ஜனதாவுக்குப் போனார். நெருக்கடி நிலை அத்துமீறல்களை விசாரித்த ஷா ஆணைய அறிக்கை 1980க்குப் பிறகு கண்ணில் படாமல் போயிற்று. தன்னிடமிருந்த பிரதியைப் பத்திரப்படுத்தி, 2010இல், எண்பதைக் கடந்த வயதில், அதை நூலாக வெளியிட்டார். குரல் உயர்த்தாத மனிதரின் பிடிவாதம் இப்படித்தான் இருக்கும். 1993இல் வந்த தொகுதி மேம்பாட்டு நிதியையும் அவர் ஏற்கவில்லை. எனக்கும் அது சரியென்றே படுகிறது: செலவைக் கண்காணிக்க வேண்டியவர் கையிலேயே ஆண்டுக்கு 5 கோடி ரூபாயைக் கொடுத்துவிட்டால், அவரிடம் யார் கணக்குக் கேட்பது? இப்படிப்பட்டவர் 1984இல் தென்சென்னையில் நின்றார். இந்திரா காந்தி கொலையை அடுத்து எழுந்த அனுதாப அலை வேறு; நடிகை வைஜயந்திமாலா வென்றார்.